ரீங்காரி

அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அக்காவுக்கு முதலில் கோபம் வரும். அப்புறம் திரும்பிப் பார்ப்பார். ஒரு கவிதைக் கூட்டத்தில் யாரோ பின்வரிசையிலிருந்து கிண்டலாக எறிந்த பெயர் அது. எறிந்தவர் மறந்துவிட்டார், பெயர் ஒட்டிக்கொண்டது.

நாங்கள் ஒரே அடுக்குமாடிக் கட்டடத்தில் இருந்தோம். நான் இரண்டாம் மாடி, தையல் மெஷின் பழுது பார்ப்பவள். அக்கா எனக்கு மேலே மூன்றாம் மாடி. அவருக்குக் காது மருத்துவமனையில் வேலை. அவருடைய வீட்டுக்காரர் ஏசி மெக்கானிக். காலேஜ் படிக்கும் ஒரே மகள். இவ்வளவுதான் குடும்பம்.

அக்காவால் ஓர் இடத்தில் உட்கார முடியாது. சாப்பிடுவது நின்றுகொண்டு, துணி மடிப்பது நடந்துகொண்டு. டீ குடிக்க ஆரம்பிப்பது சமையலறையில் என்றால், மிச்ச டீ ஆறிப்போய்க் கிடப்பது பால்கனிக் கட்டையிலோ வாஷிங் மெஷின் மேலேயோ இருக்கும். சாயங்காலம் வேலையிலிருந்து வந்ததும் வீட்டுக்காரர் வீடு முழுக்கத் தேடித் தேடித் தம்ளர்களைப் பொறுக்குவார். "உங்க அம்மா இன்னிக்கு எங்கெங்க போயிட்டு வந்தான்னு தம்ளரப் பாத்தாலே தெரிஞ்சிடும்" என்று மகளிடம் சொல்வார்.

இப்படிப்பட்டவருக்கு வாய்த்த வேலையோ ஆடாமல் அசையாமல் உட்கார்ந்து செய்யும் வேலை. காது எவ்வளவு கேட்கிறது என்று சோதிக்கும் அறை அது. சுவர், கூரை, கதவு எல்லாம் பஞ்சு வைத்துத் தைத்தது. உள்ளே போய் வாயைத் திறந்தால் குரல் உதட்டைத் தாண்டாது, வெளியே வந்த மாதிரியே இருக்காது. நடுவில் ஒரு கண்ணாடி. அந்தப் பக்கம் நோயாளி ஹெட்போன் மாட்டி உட்கார்ந்திருப்பார். இந்தப் பக்கம் அக்கா, உதட்டசைவு தெரியாமல் வாயை ஓர் அட்டையால் மறைத்துக்கொண்டு, மைக்கில் வார்த்தைகளை வாசிப்பார். கால். மணி. நூல். வழி. ஏற்ற இறக்கம் கூடாது, உணர்ச்சி கூடாது. நோயாளி தனக்குக் கேட்டதைத் திருப்பிச் சொல்ல வேண்டும். கால் என்றால் பால் என்பார்கள். மணி என்றால் பனி என்பார்கள். வழி என்றால், முக்கால்வாசிப் பேர் வலி என்பார்கள்.

பல வருஷம் இதைச் செய்த பிறகு ஒருநாள், வாசித்துக்கொண்டிருக்கும்போதே 'மணி' என்ற சொல்லிலிருந்து அர்த்தம் கழன்று விழுந்துவிட்டது. மணி என்றால் என்ன என்று ஒரு நொடி அவருக்குத் தெரியவில்லை. 'ம' என்று ஒரு சத்தம், 'ணி' என்று ஒரு சத்தம், அவ்வளவுதான் கையில் இருந்தது. தலைசுற்றல் என்று நினைத்துத் தண்ணீர் குடித்தார். பட்டியலை முடித்துவிட்டு வீட்டுக்கு வந்தார்.

எங்கள் கட்டடத்து லிஃப்ட் அன்றைக்கும் வேலை செய்யவில்லை. நான் கடையிலிருந்து வந்தபோது அக்கா படிக்கட்டுத் திருப்பத்தில் சுவரைப் பார்த்தபடி நின்றுகொண்டிருந்தார்.

"அக்கா, உடம்பு ஏதும் சரியில்லையா?"

"ஸ்ஸ். இங்க வா. இந்தக் கைப்பிடிய லேசாத் தொடு. தொட்டுக்கிட்டே 'ஓ'ன்னு சொல்லு."

சொன்னேன். ஒன்றும் நடக்கவில்லை.

"இன்னும் கீழ. குரல இறக்கு. இன்னும்... இன்னும்..."

எங்கோ ஓர் இடத்தில் என் குரலைப் படிக்கட்டு பிடித்துக்கொண்டது. எனக்கு அதை வேறு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. நான் சின்னதாகத்தான் சொன்னேன், சத்தம் கீழிருந்து மொட்டைமாடி வரைக்கும் நின்றது. கையில் இரும்புக் கம்பி சிலிர்த்தது. பயந்து கையை எடுத்துவிட்டேன்.

"பாத்தியா?" என்றார் அக்கா. கண் பளபளத்தது. "பஞ்சு ரூம்ல உக்காந்து உக்காந்து எனக்கு இது மறந்தே போயிருக்கு."

அன்று பிடித்தது. அதற்குப் பிறகு எந்த இடத்துக்குப் போனாலும் அக்கா முதலில் செய்வது முனகுவதுதான். அடிக்குரலில் தொடங்கி மெல்ல மெல்ல மேலே ஏற்றிக்கொண்டே போவார். ஏதோ ஒரு புள்ளியில் அந்த அறை விழித்துக்கொள்ளும். ஒவ்வோர் அறைக்கும் ஒரு புள்ளி. எங்கள் குளியலறைகளுக்கு ஒன்று, வண்டி நிறுத்தும் அடித்தளத்துக்கு ஒன்று, ரயில் பாலத்துக்கு அடியில் போகும் சுரங்கப்பாதைக்கு வேறொன்று. அதைக் கண்டுபிடித்தபின், எந்த எழுத்துகளை அந்த இடம் தாங்குகிறது, எவற்றை விழுங்கிவிடுகிறது என்று ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்ப்பார். காய்கறிப் பையோடு சுரங்கப்பாதையில் நின்று "ங், ஞ், ண்" என்று சொல்லிக்கொண்டிருக்கும் பெண்மணியை நாலு பேர் எப்படிப் பார்ப்பார்கள்? அப்படித்தான் பார்த்தார்கள்.

"பாட்டு கத்துக்கறீங்களா அக்கா?" என்று கேட்டேன்.

"பாட்டு இல்ல. பாட்டுன்னா மெட்டு வேணும். இது கவிதை. பாதிய நான் சொல்றேன், மீதியச் செவரு சொல்லுது."

முதல் கவிதை எங்கள் படிக்கட்டுக்காகச் செய்தது. அந்தப் படிக்கட்டு தினமும் கேட்கும் சொல்லை எடுத்துக்கொண்டார். யார் கதவைத் தட்டினாலும் உள்ளேயிருந்து வரும் கேள்வி: "வந்தாச்சா?" அதை நாலாக உடைத்தார். தரைத்தளத்தில் நின்று 'வ'. முதல் திருப்பத்தில் 'ந்' என்று நீளமாக ஒரு ரீங்காரம், அது மேலும் கீழும் போய் நிரம்பும் வரை. அடுத்த மாடியில் 'தா' என்று திறந்த வாய். கடைசியில் 'ச்சா' என்று தாழ்ப்பாள் விழுகிற மாதிரி ஒரு வெட்டு. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் இதைச் சொல்லிக்கொண்டே மேலே ஏறினார். மாடிக்கு மாடி கதவுகள் திறந்தன. முதல் மாடிக்காரர் தன் பையன்தான் வெளியூரிலிருந்து வந்துவிட்டான் என்று பனியனோடு ஓடி வந்தார். என் எதிர்வீட்டு அம்மா "வந்தாச்சு வந்தாச்சு" என்று பதில் சொல்லிவிட்டுத்தான் எட்டிப் பார்த்தார். குடியிருப்போர் சங்கத்துச் செயலாளர் மறுநாளே படியில் நின்று, "இது குடும்பங்க இருக்கற இடம்மா" என்று புத்தி சொன்னார்.

"நானும் குடும்பம்தான சார்" என்று சொல்லிக்கொண்டே அக்கா அவரைத் தாண்டிப் போய்விட்டார்.

ஊரில் நூலகத்துக்கு மேலே மாதம் ஒருமுறை கவிஞர்கள் கூடுவார்கள். அங்கே இதைச் சொல்லிக் காட்ட வேண்டும் என்று அக்காவுக்கு அரிப்பு எடுத்துவிட்டது. துணைக்கு நானும் போனேன். பெரிய அறை. தரை முழுக்கக் கம்பளம், ஜன்னலுக்கு ஜன்னல் தடித்த திரை. உள்ளே நுழைந்ததுமே அக்கா லேசாக முனகிப் பார்த்தார். முகம் சுண்டிப் போனது. ஆனாலும் பெயரைக் கூப்பிட்டதும் எழுந்து போய்ச் சொன்னார். 'ந்' என்ற நீண்ட ரீங்காரம் கம்பளத்தில் விழுந்து அங்கேயே செத்தது. யாரோ களுக்கென்று சிரித்தார்கள். தலைவர் பரிவோடு குனிந்து, "தொண்டை சரியானதும் இன்னொரு நாள் படிங்கம்மா" என்றார். அப்போதுதான் பின்வரிசையிலிருந்து அந்தக் குரல்: "ரீங்காரி!" கூடமே குலுங்கியது.

அக்கா அழவில்லை. "இது இந்த ரூம்ல வராது. எல்லாரும் கொஞ்சம் மாடிப்படிக்கு வாங்க" என்றார்.

ஒரே ஓர் ஆள் எழுந்தார். அச்சகம் வைத்திருந்தவர், கூடவே ஒரு சிற்றிதழும் நடத்தியவர். எழுந்தது கவிதைக்காக இல்லை, சிகரெட் பிடிக்க. நூலகத்துப் படிக்கட்டில் அக்கா மறுபடி சொன்னார். அச்சகக்காரர் தீக்குச்சியைக் கிழித்துவிட்டு உதட்டருகே கொண்டுபோனவர், அப்படியே நின்றார். குச்சி எரிந்து விரலைச் சுட்டபிறகுதான் கையை உதறினார்.

"இத நான் போடறேன்" என்றார்.

"போட முடியாதுங்க. இது பேப்பர்ல நிக்காது."

"நிக்க வைக்கறேன்."

நிற்க வைக்கப் பட்ட பாடு பெரும்பாடு. பக்கத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை 'ந்' 'ந்' 'ந்' என்று எழுதிக் கொடுத்தால், கம்ப்யூட்டரில் பக்கம் அமைத்த ஆள் "கீ மாட்டிக்கிச்சு சார்" என்று அதை அழித்துவிட்டார். மூன்றாவது தடவைதான் அச்சானது. இதழ் வெளிவந்து, அதைப் பார்த்த ஒரு நாளிதழ் எழுத்தாளர், தன் வாரப் பத்தியில் வயிறு குலுங்கக் குலுங்க எழுதினார். கொட்டாவிக்கும் குறட்டைக்கும் அடுத்த இதழில் இடமுண்டா என்று கேட்டிருந்தார். ஊர் முழுக்கப் படித்தது.

மகள் காலேஜிலிருந்து கண் சிவந்து வந்தாள். நான் அன்று அவர்கள் வீட்டில்தான் இருந்தேன்.

"எல்லாரும் என்னப் பாத்து ந்ந்ந்ன்னு இழுக்கறாங்கம்மா."

"எங்க வச்சு? வகுப்புலயா, வராந்தாவுலயா?"

"அம்மா!"

"இல்லடி, வராந்தான்னா நல்லாவே நிக்கும், அதான் கேட்டேன்."

கதவு அறைந்து சாத்தப்பட்டது. அந்தப் பெண் பல வாரம் அம்மாவோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. அக்கா மூடிய கதவுக்கு முன்னால் குறுக்கும் நெடுக்கும் நடப்பார், அப்புறம் சமையலறைக்குப் போய்விடுவார்.

இதெல்லாம் கேலிதான், தாங்கிக்கொள்ளலாம். உண்மையான அடி வேலையில் விழுந்தது. அதற்கு அக்காவேதான் காரணம்.

வாசிக்கும் வார்த்தைகளைத் தட்டையாக வாசிக்க வேண்டும் என்று சொன்னேன் அல்லவா? அக்காவின் நாக்கு அதற்குள் பழகிப் போயிருந்தது, வேறு விதமாக. ஒரு வயதானவருக்குச் சோதனை நடந்தபோது 'கால்' என்பதைக் 'கா' கொஞ்சம் நீள, 'நூல்' என்பதை மூக்கிலிருந்து கொஞ்சம் இழைய வாசித்திருக்கிறார். தெரிந்து செய்யவில்லை. அந்த நீளத்தைப் பிடித்துக்கொண்டு பெரியவர் எல்லாவற்றுக்கும் சரியாகப் பதில் சொல்லிவிட்டார். காது நன்றாக இருக்கிறது என்று அனுப்பிவிட்டார்கள். ஒரு மாதம் கழித்து அவருடைய மகன் கோபத்தோடு அழைத்துக்கொண்டு வந்தார். அப்பா சாலையைக் கடக்கும்போது பின்னால் வந்த வண்டிச் சத்தம் கேட்காமல் கீழே விழுந்து முழங்கை பெயர்ந்திருந்தது. டாக்டரே மறுபடி சோதித்தார். இரண்டு காதும் பாதிக்கு மேல் போயிருந்தது.

டாக்டர் சத்தம் போடும் ஆள் இல்லை. அக்காவை உட்காரச் சொன்னார். அக்கா உட்காரவில்லை.

"நீங்க வாசிச்சது எப்படி இருந்துச்சுன்னு உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"

"இருக்கு டாக்டர். இழுத்துட்டேன். தப்பு என்னோடதுதான்."

"வெளிய நீங்க என்ன செய்யறீங்கங்கறது எனக்கு வேண்டாத விஷயம். ஆனா அது உள்ள வந்திடுச்சு. புரியுதா?"

புரிந்தது. அதனால்தான் அவ்வளவு வலித்தது. டாக்டர் ஒரு வழி சொன்னார். இனி யாரும் நேரில் வாசிக்க வேண்டாம், பட்டியலை ஒருமுறை சரியாகப் பதிவு செய்து வைத்துக்கொண்டு அதையே எல்லோருக்கும் போடலாம். "அத நீங்களே பேசிக் குடுங்க. இத்தன வருஷத்துல உங்கள மாதிரி தட்டையா வாசிச்சவங்க யாரும் கெடையாது." அக்கா பஞ்சு அறையில் உட்கார்ந்து, ஓர் எழுத்துகூடக் கூடாமல் குறையாமல், மொத்தப் பட்டியலையும் வாசித்துக் கொடுத்தார். இன்றைக்கும் அந்த மருத்துவமனையில் அந்தக் குரல்தான் ஓடுகிறது. அவரை வரவேற்பு மேஜைக்கு மாற்றினார்கள். பெயர் எழுதிக்கொள்ளும் வேலை. கொஞ்ச நாள் ஓட்டினார். பெரியவர் காதுக் கருவிக்கு அளவு கொடுக்க வந்த அன்று எழுந்து போய் மன்னிப்புக் கேட்டார். அவருக்கு என்ன கேட்டதோ, "பரவாயில்லம்மா, வெயில் ஜாஸ்திதான்" என்றாராம். அன்றே அக்கா வேலையை விட்டார்.

வீட்டுக்காரர் ஒரு ஃபேன் மோட்டாரைப் பிரித்துப் பரப்பி வைத்திருந்தார்.

"வேலைய விட்டுட்டேன்."

"சாப்டியா?"

"என்னங்க நீங்க! திட்டவாவது திட்டுங்களேன்."

"திட்டினா நின்னு கேப்பியா? பாதியிலயே அடுத்த ரூமுக்குப் போயிடுவ. நான் மோட்டாரத்தான் திட்டிக்கிட்டு இருக்கணும்."

அக்கா அந்த அறைக்குள்ளேயே நாலு சுற்று நடந்தார். பிறகு அவர் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, ஸ்க்ரூக்களைத் தொலையாமல் ஒரு மூடியில் போட்டுக் கொடுத்தார். அவர்கள் வீட்டில் நான் கண்ட சமாதானங்கள் எல்லாம் இந்த மாதிரிதான்.

வேலை போனபின் நிலைகொள்ளாமை இன்னும் கூடிவிட்டது. ஊரில் காலியாகக் கிடக்கும் எல்லா இடங்களையும் தேடித் தேடிப் போனார். பூட்டிய கிடங்கு, இடிக்கக் காத்திருந்த சினிமாக் கொட்டகை, ஈரமில்லாத நீச்சல் குளம். எங்கேயும் திருப்தி இல்லை. அச்சகக்காரர்தான் அந்தத் தகவலைக் கொண்டுவந்தார். ஊருக்கு வெளியே மேட்டில் குடிநீருக்காகப் புதிதாக ஒரு பெரிய தொட்டி கட்டி முடித்திருக்கிறார்கள். வட்டமான கான்கிரீட் தொட்டி, உள்ளே தூண் கிடையாது, மேலே குவிந்த மூடி. ஒரு சின்ன வாய் வழியாக ஏணியில்தான் இறங்க வேண்டும். இன்னும் தண்ணீர் விடவில்லை.

அந்த வேலையைப் பார்த்த இன்ஜினியர் ஒரு பெண். அக்கா சொன்னதையெல்லாம் தலைக்கவசத்தைக் கழற்றாமல் கேட்டார்.

"ஆக மொத்தம், உள்ள எறங்கி நின்னு சத்தம் போடப் போறீங்க."

"சத்தம் இல்லங்க. கவிதை."

"எங்க கணக்குல ரெண்டும் ஒண்ணுதாங்க. சரி, திங்கட்கிழமை தண்ணி விட்டுக் கசிவு பாக்கப் போறோம். அதுக்கு முன்னாடி ஒரு மத்தியானம் தர்றேன். காத்தோட்டத்துக்கு ப்ளோயர் வச்சு, நிறுத்தினப்புறம்தான் எறங்கணும். ஏணி எறங்க முடிஞ்சவங்க மட்டும். எல்லார் தலையிலயும் ஹெல்மெட்."

முதலில் அக்காவும் நானும் இறங்கிப் பார்த்தோம். உள்ளே ஈரச் சிமெண்ட் வாடை. நான் தும்மினேன். அந்தத் தும்மல் என்னைச் சுற்றிக்கொண்டு போய், திரும்பி வந்து, மறுபடி போனது. அடுத்த தும்மல் வரும்போது முதல் தும்மல் இன்னும் அங்கேயேதான் இருந்தது. பேசினால் ஒன்றும் விளங்காது, எல்லாம் கூழாகிவிடும். நாங்கள் கையால்தான் பேசிக்கொண்டோம்.

என்ன சொல்லைக் கொண்டு போவது? அதில்தான் அக்கா மாட்டிக்கொண்டார். மழை, நீர், ஊற்று என்று அச்சகக்காரர் அடுக்கினார். "தண்ணித் தொட்டிக்குள்ள போய் தண்ணின்னு சொல்றதுக்கு நான் எதுக்கு?" என்று எரிந்து விழுந்தார். தூங்கவில்லை, தலை வாரவில்லை. மறுபடி மறுபடி அந்த மேட்டுக்குப் போய் இறங்கி ஏறினார். அப்படி ஒரு தடவை அவசரமாக இறங்கும்போது ஏணி ஆடியது. மேலே நின்ற மேஸ்திரி பதறிப்போய்க் கத்தினார்: "இரும்மா! ஏணி ஆடுது, இரு!"

தொட்டி அந்தச் சொல்லை வாங்கிக்கொண்டது. 'இ' முதலில் தேய்ந்து போனது. 'ர்' கரைந்தது. 'உ' மட்டும் நின்றது, நின்றது, நின்றுகொண்டே இருந்தது. அக்கா ஏணியின் பாதியில் தொங்கிக்கொண்டு அண்ணாந்து, "அண்ணே! இன்னொரு தடவ சொல்லுங்க!" என்று கத்தினார். மேஸ்திரி அவருக்குப் பித்துப் பிடித்துவிட்டதென்று நினைத்து ஆள் கூப்பிட ஓடினார்.

"பொறந்ததுலருந்து எல்லாரும் எங்கிட்ட சொன்ன ஒரே வார்த்த அதுதான்" என்றார் அக்கா, வீட்டுக்கு வரும் வழியில். "அம்மா சொன்னாங்க, டீச்சர் சொன்னாங்க, இவரு சொல்றாரு. இரு, இரு, கொஞ்சம் இரு. நான் எங்க இருந்தேன்? இப்பப் பாரு, அந்தத் தொட்டி இருக்கு. அதுக்கு இருக்கத் தெரியுது."

அந்த மத்தியானம் முப்பது பேர் போல இறங்கினோம். கட்டட வேலையாட்கள், எங்கள் குடியிருப்பில் சிலர், அச்சகக்காரர், அவர் பிடித்து வந்த இரண்டு கவிஞர்கள், இன்ஜினியர், அக்காவின் வீட்டுக்காரர். கவிஞர் சங்கத் தலைவரும் வந்தார். மூட்டு வலியால் இறங்க முடியாமல் வாயருகே நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டார். கடைசியாக, யாரும் எதிர்பாராமல், மகள் இறங்கி வந்தாள். "யாராவது ஒருத்தர் பதிவு செய்யணும்ல" என்று யாரையும் பார்க்காமல் சொல்லிவிட்டு, கைபேசியோடு ஏணிக்கருகே நின்றாள்.

சுவரோரமாக வட்டமாக நின்றோம். அக்கா நடுவில். அவர் கையைக் காட்டும்போது, ஒவ்வொருவரும் பக்கத்தில் நிற்பவரைப் பார்த்து 'இரு' என்று ஒருமுறை சொல்ல வேண்டும். முதல் ஆள் ஒரு கம்பி கட்டுபவர். வெட்கத்தோடு சொன்னார். அது பாதி அடங்கும்போது அடுத்தவர். பிறகு அடுத்தவர். கொஞ்ச நேரத்தில் யார் சொன்னது எது என்று தெரியாமல் போனது. 'இ' மின்னி மின்னி மறைய, 'உ' அடியில் தேங்க ஆரம்பித்தது. அக்கா பெண்களைப் பார்த்து விரலை உயர்த்தினார், நாங்கள் வெறும் 'இ' சொன்னோம். ஆண்களைப் பார்த்து உள்ளங்கையைத் தாழ்த்தினார், அவர்கள் உதட்டைக் குவித்து 'ரு' என்றார்கள். என் விலா எலும்புக்குள் யாரோ விரல் வைத்த மாதிரி இருந்தது. ஹெல்மெட் வார் தாடையில் அதிர்ந்தது. வீட்டுக்காரர் கண்ணை மூடிக்கொண்டு, கம்ப்ரஸர் ஓடுகிறதா என்று பார்ப்பதைப் போலச் சுவரில் கை வைத்திருந்தார். யார் யாரோ எனக்குச் சொன்ன 'இரு' எல்லாம் நினைவுக்கு வந்தது. கோபத்தில் சொன்னது, பாசத்தில் சொன்னது, கதவைப் பாதி திறந்து வைத்துக்கொண்டு சொன்னது. கடைசியாக எல்லோரும் சேர்ந்து ஒருமுறை. அப்புறம் வாயை மூடிக்கொண்டோம். தொட்டி தனியாகச் சொல்லி முடித்தது.

கம்பி கட்டுபவர் மூக்கைத் துடைத்துக்கொண்டார். அக்கா மட்டும் அதற்குள் ஏணியில் ஏறிக்கொண்டிருந்தார். மேலே போய் அவர் சொன்ன முதல் வார்த்தை: "சரியா வரல. மேஸ்திரி பக்கம் 'ரு' தடிச்சுப் போச்சு."

"நேரம் இருக்குங்க. வேணும்னா இன்னொரு தடவ பண்ணுங்க" என்றார் இன்ஜினியர். மறுபடி செய்தோம். முதல் தடவை அளவுக்கு வரவில்லை. எல்லோருக்கும் என்ன வரப்போகிறது என்று தெரிந்துவிட்டது, அதனால் எல்லோரும் அழகாகச் சொல்ல முயன்றோம். அக்கா ஹெல்மெட்டைக் கழற்றித் தரையில் அடித்தார். திங்கட்கிழமை தண்ணீர் விட்டுவிட்டார்கள்.

வீட்டுக்கு வந்து மகளின் கைபேசியில் போட்டுக் கேட்டோம். அதில் ஒன்றுமே இல்லை. நீண்டு நிற்கும் சத்தத்தை எல்லாம் அந்தக் கருவி இரைச்சல் என்று முடிவு செய்து தானாகவே துடைத்துப் போட்டிருந்தது. இருமல் இருந்தது. செருப்பு உராய்வது இருந்தது. முப்பது பேர் வாய் திறந்து மூடிய சின்னச் சின்ன 'ப்' சத்தங்கள் இருந்தன. மகள் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தாள். பிறகு கைபேசியைத் தூக்கிச் சோபாவில் எறிந்துவிட்டு விசும்ப ஆரம்பித்தாள்.

"போனாப் போகட்டும் விடுடி."

"உனக்கென்னம்மா! நீ அடுத்த எடத்துக்குப் போயிடுவ. நான் இத யார்ட்டப் போய்ச் சொல்றது? நம்பவா போறாங்க?"

அக்கா அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் உட்கார்ந்தே இருந்தார்.

ஆனால் இறங்கியவர்கள் சும்மா இருக்கவில்லை. வேலையாட்கள் அடுத்த கட்டடத்தில் சொன்னார்கள், கவிஞர்கள் எழுதினார்கள். வாயருகே உட்கார்ந்திருந்த தலைவர் "நான் கேட்ட தொட்டி" என்று கட்டுரையே எழுதினார். வேறு ஊர்களில் இளம் ஆட்கள் பாலங்களுக்கு அடியிலும் கிணறுகளுக்குள்ளும் சொல்ல ஆரம்பித்தார்கள். ஒலிக்கவிதை என்று அதற்கு ஒரு பெயர் வந்தது. அச்சகக்காரர் ஓர் இயக்கம் தொடங்கி, விதிமுறைகள் எழுதி, அக்காவைத் தலைமை தாங்கக் கூப்பிட்டார். முதல் கூட்டத்தில் ஒருவர் அவரை "முன்னோடி" என்று மூன்று தடவை சொன்னார். அக்கா எழுந்துவிட்டார்.

"எங்கம்மா கெளம்பிட்டீங்க?"

"முன்னோடின்னு சொல்லிட்டு இங்கயே ஒக்கார வச்சா எப்படிங்க? ஓட வேணாமா?"

அச்சகக்காரருக்கு அதில் இன்றுவரை வருத்தம்தான். அக்கா இல்லாமலே இயக்கம் நடக்கிறது. அவர்கள் செய்வதில் பாதி அக்காவுக்குப் பிடிக்காது. ஹெட்போனில் கேட்கும்படி ஒருவர் செய்ததைக் கேள்விப்பட்டு, "மறுபடியும் பஞ்சு ரூமா?" என்று சண்டைக்கே போய்விட்டார்.

பிறகு சில வருஷம் கழித்துக் குரல் போனது. கரகரப்பில் தொடங்கி, ஒருநாள் வாயைத் திறந்தால் காற்று மட்டும் வந்தது. அதே டாக்டரிடம்தான் போனோம், அவர்தானே தொண்டைக்கும். குழாய் விட்டுப் பார்த்துவிட்டு, "குரல் நாண்ல காய் காய்ச்சிருக்கு. ஆபரேஷன் வேண்டாம், ஆனா பேசவே கூடாது. முணுமுணுக்கக்கூடக் கூடாது. எத்தன மாசம்னு இப்பச் சொல்ல மாட்டேன்" என்றார். அக்கா அவர் மேஜையில் விரலால் தாளம் போட்டுக்கொண்டே இருந்தார்.

அந்த மாதங்கள்தான் மோசம். கூண்டில் போட்ட மாதிரி வீட்டுக்குள் சுற்றினார். வேலை கிடைத்து வெளியூரில் இருந்த மகள் தினம் கூப்பிட்டு, தான் ஒருத்தியாகவே பேசிவிட்டு வைப்பாள். முதல் வாரம் வீட்டுக்காரர் "வீடு எவ்வளவு அமைதியா இருக்கு" என்று என்னிடம் சொல்லிச் சிரித்தார். இரண்டாம் வாரம் சிரிக்கவில்லை. அதற்கப்புறம் அவர் செய்ததை நான் யாரிடமும் எதிர்பார்த்திருக்க மாட்டேன். ஏசி மாட்டப் போகும் இடங்களிலிருந்து அக்காவைக் கைபேசியில் கூப்பிடுவார். சாமான் வராத புது வீடுகள், காலி ஆபீஸ்கள்.

"இந்த ரூமக் கேளு" என்பார். அப்புறம், வாழ்க்கையில் ஒரு வரி பாடாத மனுஷன், அடிக்குரலில் ஆரம்பித்து மேலே ஏற்றிக்கொண்டே முனகுவார். "எனக்கென்னமோ 'ஆ'வுக்கு நல்லா வருதுன்னு தோணுது. சரியா?"

அக்கா போனை நகத்தால் தட்டுவார். ஒரு தட்டு என்றால் ஆமாம். இரண்டு என்றால் காது உங்களுக்குச் செவிடா என்று அர்த்தம்.

குரல் திரும்பியது, ஆனால் பழைய குரல் இல்லை. கனத்து, நடுவில் கிழிந்த மாதிரி இருந்தது. சில எழுத்துகளில் ஒரே சமயத்தில் இரண்டு குரலாகப் பிரிந்து வந்தது. டாக்டர் இதற்குமேல் சரியாகாது என்று சொல்லிவிட்டார். அக்கா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு கொஞ்ச நாள் யாரோடும் பேசவில்லை, பேச அனுமதி இருந்தும்.

போன மாதம் வீட்டுக்காரருக்கு ஊர் எல்லையில் புதிதாகக் கட்டும் பஸ் பணிமனையில் வேலை. மேலாளர் அறைக்கு ஏசி. அக்காவும் போனார், என்னையும் இழுத்துக்கொண்டு. தகரக் கூரை போட்ட நீளமான கொட்டகை, இன்னும் ஒரு வண்டிகூட வரவில்லை. அக்கா நடுவில் நின்று 'ஓ' என்றார். ஒன்றுமில்லை. 'ஏ' என்றார். ஒன்றுமில்லை. பழைய கணக்கு எதுவும் செல்லவில்லை. உதட்டைக் கடித்துக்கொண்டு மறுபடி அடிக்குரலிலிருந்து ஏற்றினார். குரல் வழக்கமான இடத்தில் கிழிந்து இரண்டானது. கூரை அந்த இரண்டையும் எடுத்துக்கொண்டு, ஒன்றோடு ஒன்றை உரசி, மூன்றாவதாக எங்கேயும் இல்லாத ஒரு துடிப்பைத் தந்தது. தகரம் படபடவென்று அடித்துக்கொண்டது.

"இது என்னங்க புதுசா இருக்கு!" என்று கத்தினார் அக்கா.

மூலையில் ஒருவர் சுவரில் துளை போட்டுக்கொண்டிருந்தார். அக்கா அவரைப் பார்த்துக் கையை ஆட்டி, "அண்ணே, அதக் கொஞ்சம் நிறுத்துங்க" என்றார்.

"எவ்வளவு நேரத்துக்கும்மா?"

"தெரியல."

அவர் என் முகத்தைப் பார்த்தார். நான் அக்காவின் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் ஏணியிலிருந்து இறங்கி, ஸ்பானரைப் பையில் போட்டுவிட்டு, மேலாளருக்குப் போன் செய்து இன்றைக்கு ஏசி முடியாது என்று சொல்லிக்கொண்டிருந்தார். அக்கா அதற்குள் கொட்டகையின் கடைசிச் சுவரை நோக்கி வேகமாக நடந்துகொண்டிருந்தார், வாயைத் திறந்தபடி.